இருபது நாள்

என் பணிப் பதிவேட்டின் முதல் தாளில்
நியமனத்துக்கான காரணம் என்றொரு கட்டம்.
தட்டச்சில் விழுந்திருக்கிறது:
விசுவாச ஊழியரின் மகன்.

நாகஜோதி அதில் விரல் வைத்து
"விசுவாசம்னா என்ன சார், சர்ச்சா?" என்கிறாள்.
நீராவி இஞ்சினை அவள் பார்த்ததில்லை,
வர்ணமடித்து வாசலில் நிறுத்தியதைத் தவிர.
வெள்ளிக்கிழமை எனக்கு ஓய்வு.

எழுபத்து நாலு, மே எட்டு, விடிகாலை,
அரசரடி குவார்ட்டர்ஸில் குழாய் நின்றது.
நிறுத்தக்காரன் வீட்டுக்கு மட்டும் அடைக்க வழியில்லை,
எல்லாருக்கும் சேர்த்தே அடைத்தார்கள்.
மத்தியானம் எங்கள் வீட்டுக்கு மட்டும்
டிரம்மில் வந்தது தண்ணீர்.
அந்த டிரம் இறங்கிய சத்தத்தில்தான்
தெருவுக்குத் தெரிந்தது
அப்பா ஷெட்டுக்குள் இருப்பது.

மறுநாள் கதவுக் கொண்டியில்
ஒரு டஜன் கண்ணாடி வளையல் கட்டித் தொங்கியது.
பச்சை.
ரூபிக்கு ஆறு வயசு. ஓடிவந்து போட்டுக்கொண்டாள்.
அம்மா அடித்த அடியில் நாலு உடைந்தது.
மிச்சத்தைக் கழற்ற விடவில்லை அவள்.

பக்கத்து வீட்டு ஒச்சுவை
ராத்திரி வேன் வந்து அள்ளிப் போனது.
காலனிக்கும் ஜெயிலுக்கும் நடுவே
கொஞ்சம் ரோடு, ஒரு மதில், அவ்வளவுதான்.
படுத்தால் யார்டு கேட்குமாம்.
ஆட்சி மாறி அவர் வேலைக்குத் திரும்பிய பிறகு,
அவருக்குக் கீழே நான் கலாசியாக இருந்தபோது,
பாய்லர் கழுவிக்கொண்டே சொன்னார்:
"ஞானசிகாமணி விசில் தனியாத் தெரியும்டா.
நீட்டி விட்டு, கடைசியில ஒரு வெட்டு.
அஞ்சாம் நாள் ராத்திரி கேட்டுச்சு.
கொட்டடியில அறுவது பேரு.
ஒருத்தனும் பேசல."
சொல்லிவிட்டு ஸ்பேனருக்குக் கை நீட்டினார்.

அந்த மே மாதத்துக்குப் பிறகு
அப்பா வெட்டில்லாமல்தான் விசில் கொடுத்தார்,
மற்ற டிரைவர்களைப் போல.
அம்மா ஜெபத்தில் ஒரு சொல்லைத் தாண்டிப் போனாள்.
காரணம் அவர் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

ஒச்சுவின் பதிவேட்டில் சிவப்பு மை:
பணி முறிவு, இருபது நாள்.
மூன்று வருஷம் கழித்து, அதே சிவப்பில்,
மன்னிக்கப்பட்டது.
மன்னித்தது யார், எதை,
அதற்குக் கட்டம் இல்லை.
எனக்கு வேலை கொடுத்த தாளை
யாரும் மன்னிக்கவும் இல்லை, ரத்து செய்யவும் இல்லை.

நாற்பது வருஷம் சங்கத்துக்குச் சந்தா கட்டினேன்.
கேட் மீட்டிங்கில் கொடி பிடித்தேன், பின்வரிசையில்.
போன மாதம் ரகசிய ஓட்டெடுப்பு.
வேலைநிறுத்தம் வேண்டும் என்ற இடத்தில்
அழுத்திப் போட்டேன், அடியில் மேசையில் தடம் விழுந்தது.
டெல்லியில் பேசினார்களாம். கமிட்டி போடுவார்களாம்.
ஒத்திவைப்பு.
யாருக்கும் ஒத்திவைக்கலாம்.
எனக்கு மிச்சம் மூன்று வாரம்,
இருபது நாளைத் திருப்பிக் கொடுக்க
வாய்த்த ஒரே தவணை.

பிட் லைனில் பெட்டி கழுவுகிற பையன்கள் காண்ட்ராக்ட்.
ஏஜென்சி சட்டை, ஊறி வெளுத்த கால்விரல்.
ஒருவன் ஒருநாள் நின்றால்
மறுநாள் அதே சட்டையில் வேறு முகம்.
பதிவேடு கிடையாது அவர்களுக்கு.
முறிவு என்று எழுதவும் ஒரு பக்கம் வேண்டுமே.
வடிவேலன் என்றொரு பையனிடம்
சங்கம் பற்றிச் சொல்லப் போனேன்.
"யாரை எதிர்த்து சார்?"
கிண்டல் இல்லை, தெரியாமல்தான் கேட்டான்.
சம்பளம் போடும் கம்பெனி எந்த ஊரில் இருக்கிறது?
அவனுக்குத் தெரியவில்லை. எனக்கும்.

நாகஜோதி படிவத்தை நகர்த்துகிறாள்.
மேற்கண்ட பதிவுகள் அனைத்தும் சரியானவை.
"சைன் பண்ணிருங்க சார், சாப்பிடப் போகணும்."

பேனா அவளுடையது. நீலம்.
ஒவ்வொரு பக்கமாகத் திருப்பிப் பார்த்தேன்.
பிழை எதுவும் இல்லை.